குமரி மாவட்டத்தில் ஒரு நாள்: கடலை விட்டு ஆற்றோடு போகும் பாதை

கேட்கப்பட்டது இது: மதுரையிலிருந்து ஒரு குடும்பம் கன்னியாகுமரி வருகிறது. விவேகானந்தர் பாறை, வள்ளுவர் சிலை, சூரிய உதயம், சுசீந்திரம் எல்லாம் முன்பே பார்த்தாயிற்று. இந்த முறை ஒரு முழு நாள் கையில் இருக்கிறது, சொந்தக் காரும் இருக்கிறது. எழுபதை நெருங்கும் அம்மாவும் ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் பையனும் கூட வருகிறார்கள். கூட்டம் குறைந்த, பழமையும் பசுமையும் சேர்ந்த ஊர்களை ஒரு வழிகாட்டியின் துணையோடு பார்க்க முடியுமா, எந்த வரிசையில் போவது?

முடியும். ஆனால் முதலில் கடலுக்கு முதுகைக் காட்டிவிட்டு மேற்கே வர வேண்டும். வெளியூர்க்காரர்களைக் கூட்டிக்கொண்டு இந்தப் பக்கமெல்லாம் சுற்றுவது எனக்குப் பழக்கம். வருகிறவர்களில் பெரும்பாலோர் இந்த மாவட்டத்தை ஒரு முனையாகவே நினைத்து வருகிறார்கள். நிலம் முடியும் இடத்தைப் பார்த்தார்கள், படம் எடுத்தார்கள், திரும்பினார்கள். மாவட்டத்தின் வரலாறோ உள்ளே, இரண்டு ஆறுகளின் கரையில் கிடக்கிறது. ஒன்று கோதையாறு, மற்றொன்று பறளியாறு. இரண்டும் மேற்குத் தொடர்ச்சி மலையில் பிறந்து, திருவட்டாற்றைச் சுற்றி வந்து, மூவாற்றுமுகத்தில் கூடி, குழித்துறை வழியாகத் தேங்காப்பட்டணத்தில் கடலில் விழுகின்றன. குழித்துறைப் பக்கம் அந்த ஆற்றைத் தாமிரபரணி என்பார்கள். திருநெல்வேலித் தாமிரபரணி வேறு, இது வேறு. இந்த ஆற்றுப் பாதையைப் பிடித்துக்கொண்டால், ஒரே நாளில் சமணப் பள்ளி, ஆழ்வார் பாடிய கோயில், குடைவரை, ராஜாவின் அரண்மனை, டச்சுக்காரரின் கல்லறை என்று ஆயிரத்துச் சொச்சம் ஆண்டுகளை வரிசையாகப் பார்த்துவிடலாம். வரிசைதான் முக்கியம். பத்து பதினைந்து இடங்களைக் காகிதத்தில் எழுதிக்கொண்டு வந்து ஒவ்வொன்றிலும் கால் மணி நேரம் நின்றுவிட்டு ஓடுவதில் ஒரு பயனும் இல்லை.

பின்னணி கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், பையனுக்குப் பயன்படும். இந்த மாவட்டம் தமிழ்நாட்டோடு சேர்ந்தது 1956 நவம்பர் 1 அன்று. அதுவரை தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் திருவிதாங்கூரிலும், பிறகு திருவிதாங்கூர்-கொச்சியிலும் இருந்தன. மார்ஷல் நேசமணி தலைமையில் நடந்த இணைப்புப் போராட்டத்தில், 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் துப்பாக்கிச் சூடு நடந்து உயிர்கள் போயின. கிழக்கே உள்ள இரண்டு தாலுகாவும் நாஞ்சில் நாடு. குளமும் வயலுமான சமவெளி. மேற்கே கல்குளமும் விளவங்கோடும் செம்மண் மேடு, பள்ளம், பொற்றை, பாறை, ரப்பர்த் தோட்டம். ஊர்ப் பெயர்களைக் கவனித்துக்கொண்டே வாருங்கள், விளை என்றும் கோடு என்றும் முடியும். தென்மேற்குப் பருவமழை, வடகிழக்குப் பருவமழை இரண்டுமே இங்கே பெய்யும். மதுரைக் கண்ணுக்கு இந்தப் பச்சை கொஞ்சம் அதிகமாகவே தெரியும்.

காலையில் ஆறு மணிக்கு நாகர்கோவிலை விட்டுவிடுங்கள். கன்னியாகுமரியில் தங்கியிருந்தால் ஐந்தரைக்கே கிளம்ப வேண்டும். திருவனந்தபுரம் சாலை குறுகலானது. பள்ளிக்கூட வண்டிகள் ஓடத் தொடங்குமுன் தக்கலையையும் மார்த்தாண்டத்தையும் தாண்டிவிட்டால் பாதி நிம்மதி. போகிற வழியிலேயே பத்மநாபபுரமும் உதயகிரியும் வரும், இறங்காதீர்கள். அவை திரும்பி வரும்போது. அரண்மனை ஒன்பது மணிக்குத்தான் திறக்கும், அதுவரை வெறுமனே காத்திருக்க வேண்டாம். மார்த்தாண்டத்தில் ஏதாவது ஒரு சின்னக் கடையில் புட்டும் கடலையும், கூட ஒரு மட்டிப் பழமும் சாப்பிட்டுக்கொள்ளுங்கள். விரல் நீளமே இருக்கும் அந்த மட்டிக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. புட்டில் பிசைந்து தின்னத்தான் அது பிறந்திருக்கிறது என்பது எங்கள் ஊர்க்காரர்களின் உறுதியான நம்பிக்கை, என்னுடையதும்கூட.

முதல் இடம் சிதறால் மலை, சமணத் துறவிகள் தங்கிய இடம். மார்த்தாண்டத்திலிருந்து வடக்கே ஏழு கிலோமீட்டர். அடிவாரத்தில் வண்டியை விட்டுவிட்டு நடக்க வேண்டும். கல் பாவிய சாய்வுப் பாதை, இருபுறமும் மரங்கள், இடையிடையே உட்காரலாம். அம்மாவுக்கு முட்டுவலி இருந்தாலும் மெதுவாக ஏறினால் முடியும். கடைசியில் உள்ள படிகளில் மட்டும் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். அதிகாலையில் வரச் சொன்னதே இந்த ஏற்றத்துக்காகத்தான். பத்து மணிக்கு மேல் பாறை சுடும், செருப்பில்லாமல் நிற்க முடியாது.

ஏறி முடித்ததும் இரண்டு பெரும் பாறைகளுக்கு நடுவே ஒரு இடுக்கு இருக்கும், அதுவே வாசல். குனிந்து உள்ளே போனால் பாறையின் பக்கவாட்டு முகம் முழுவதும் சமணர் வணங்கும் தீர்த்தங்கரர்கள். முக்குடையின் கீழ் அமர்ந்தவர்கள் வரிசையாக இருப்பார்கள். பாம்புப் படம் குடை பிடிக்க நிற்பவர் பார்சுவநாதர். சிங்கமும் குழந்தைகளும் பக்கத்தில் இருக்க நிற்பவள் அம்பிகை என்னும் யட்சி. வழிகாட்டி இல்லாமல் வந்தவர்கள் எல்லாவற்றையும் புத்தர் என்று சொல்லிக்கொண்டு போவதைக் கேட்டிருக்கிறேன். பையனிடம் பாம்பையும் சிங்கத்தையும் தேடச் சொல்லுங்கள், அவனாகவே பிரித்துச் சொல்லிவிடுவான்.

இந்த மலைக்குக் கல்வெட்டில் உள்ள பெயர் திருச்சாரணத்து மலை. ஒன்பதாம் நூற்றாண்டில் இந்தப் பகுதியை ஆண்டவர்கள் ஆய் மன்னர்கள். அவர்களில் விக்கிரமாதித்த வரகுணனின் இருபத்தெட்டாம் ஆட்சியாண்டில் வெட்டப்பட்ட வட்டெழுத்துக் கல்வெட்டு இங்கே இருக்கிறது. அரிட்டநேமி பட்டாரரின் மாணாக்கியான குணந்தாங்கிக் குரத்திகள், இங்குள்ள பட்டாரியார் என்னும் பெண் தெய்வத்துக்குப் பொன் அணிகள் கொடுத்த செய்தியை அது சொல்கிறது. குரத்தி என்றால் பெண் ஆசிரியர். ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன் ஒரு பெண் துறவி, தன் ஆசிரியர் பெயரையும் தன் பெயரையும் சேர்த்துக் கல்லில் வெட்டி வைக்கும் அளவுக்கு மதிப்போடு இங்கே வாழ்ந்திருக்கிறார். இந்த மலையில் எனக்கு மிகப் பிடித்த வரி அதுதான். அங்கே நின்று அந்தப் பெயரைச் சத்தமாகப் படித்துக்காட்டாமல் நான் யாரையும் கீழே இறக்குவதில்லை.

பதின்மூன்றாம் நூற்றாண்டு வாக்கில் இது பகவதி கோயிலாக மாறியது. தீர்த்தங்கரர்களை யாரும் உடைக்கவில்லை, பகவதி வந்து கூட இருந்தாள், அவ்வளவுதான். இதே கதையை நாகர்கோவிலிலும் பார்க்கலாம். நாகராஜா கோயில் தூண்களில் இன்றும் பார்சுவநாதரும் மகாவீரரும் இருக்கிறார்கள். பதினாறாம் நூற்றாண்டு வரை குணவீர பண்டிதன், கமலவாகன பண்டிதன் என்ற சமணர்கள் அந்தக் கோயிலோடு தொடர்பில் இருந்ததைக் கல்வெட்டுகள் சொல்கின்றன. கன்னியாகுமரிக்குத் திரும்பும் முன் நேரமிருந்தால் அங்கேயும் ஒரு எட்டுப் போய், அந்தத் தூண்களை மட்டும் பார்த்துவிட்டு வாருங்கள்.

பாறை உச்சியில் ஒரு சுனை உண்டு. அதன் அருகே நின்றால் மேற்கே தென்னையும் ரப்பரும், வடகிழக்கே மலைத்தொடர், நடுவே வளைந்து போகும் ஆறு. இனி நாள் முழுக்க நாம் அந்த ஆற்றையே சுற்றி வரப் போகிறோம் என்பதால் அங்கிருந்து பையனுக்கு அதைக் காட்டிவிடுங்கள். ஒன்பது மணிக்கு இறங்கினால் போதும்.

அங்கிருந்து திருவட்டாறு அரை மணி நேரம். ரப்பர்த் தோட்டங்களுக்கு நடுவே ஏறி இறங்கும் சாலை. மரத்தில் சாய்வாகக் கீறி, சிரட்டையோ கோப்பையோ கட்டி வைத்திருப்பார்கள். விடியும் முன்னே பால் வெட்டிவிடுவார்கள், நீங்கள் போகும்போது சொட்டிக்கொண்டிருக்கும். தை, மாசியில் வந்தால் இலை உதிர்ந்து புதுத்தளிர் விட்டிருக்கும். தோட்டத்துக்குள் தேன்பெட்டிகளையும் பார்க்கலாம். மார்த்தாண்டம் தேனில் பெரும்பங்கு பூவிலிருந்து வருவதில்லை. ரப்பர்த் தளிரின் இலைக்காம்பில் சுரக்கும் இனிப்பு நீரைத்தான் தேனீக்கள் எடுக்கின்றன. 1920-களில் மார்த்தாண்டத்தில் ஒய்.எம்.சி.ஏ. கிராம சீரமைப்பு மையம் நடத்திய ஸ்பென்சர் ஹாட்ச் பெட்டியில் தேனீ வளர்ப்பதைப் பரப்பினார். அன்றிலிருந்து இது இந்த ஊரின் வீட்டுத் தொழில்.

திருவட்டாறு ஆதிகேசவப் பெருமாள் கோயில் மதியம் நடை சாத்திவிடுவார்கள், ஆகவே பத்து மணிக்குள் உள்ளே இருக்க வேண்டும். ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். பையனுக்கும் சேர்த்து வேட்டி எடுத்து வருவது நல்லது. நூற்றெட்டு திவ்ய தேசங்களில் ஒன்று இது. நம்மாழ்வார் வாட்டாறு என்றே பாடியிருக்கிறார். பெயருக்கு ஏற்றபடி கோதையும் பறளியும் ஊரை வளைத்துக்கொண்டு ஓடுகின்றன.

பெருமாள் இருபத்திரண்டு அடி நீளத்தில் பள்ளிகொண்டிருக்கிறார். திருமேனி கல்லில் செதுக்கியது அன்று. 16,008 சாளக்கிராமங்களை வைத்து, கடுசர்க்கரை என்னும் கலவையால் உருவாக்கியது என்பார்கள். அதனால் மூலவருக்கு அபிஷேகம் கிடையாது. மூன்று வாசல்கள் வழியாகத்தான் முழுத் திருமேனியையும் காண முடியும்: ஒன்றில் முகம், ஒன்றில் நாபி, ஒன்றில் பாதம். திருவனந்தபுரத்துப் பத்மநாபரும் இப்படித்தான், ஆனால் அவர் கிழக்கு நோக்கியவர், இவர் மேற்கு நோக்கியவர். ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்பது இங்கே பாட்டிமார் சொல்லும் பேச்சு. புரட்டாசியிலும் பங்குனியிலும் சில நாட்கள், மறையும் வெயில் நேராகக் கருவறைக்குள் விழும்.

சந்நிதி முன்னால் உள்ள ஒற்றைக்கல் மண்டபத்தையும் நான்கு பக்கப் பிராகாரத்தையும் அவசரப்படாமல் சுற்றுங்கள். தூண்தோறும் விளக்கேந்திய பாவை நிற்கிறாள். ஒருத்தியின் கொண்டை போல மற்றவளுடையது இருக்காது. ஆடையின் மடிப்பும் அணிகளும் வேறு. 2022 ஜூலை 6 அன்று, 418 ஆண்டுகளுக்குப் பிறகு இந்தக் கோயிலில் குடமுழுக்கு நடந்தது. அன்று இந்தச் சாலைகளில் வந்து நின்ற கூட்டத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், எத்தனை தலைமுறை அந்த நாளுக்காகக் காத்திருந்தது என்று. சாதாரண நாட்களில் இங்கே சத்தமே இருக்காது, அம்மாவுக்கு இந்த இடம் மிகவும் பிடிக்கும்.

மூன்று கிலோமீட்டர் தள்ளி மாத்தூர் தொட்டிப்பாலம். பையனுக்கானது. இரண்டு மலைகளுக்கு நடுவே பறளியாறு ஓடுகிறது. ஒரு மலையிலிருந்து இன்னொரு மலைக்குக் கால்வாய்த் தண்ணீரைக் கொண்டுபோக வேண்டும். பள்ளத்தில் இறக்கினால் மேலே ஏறாது. ஆகவே ஆற்றின் மேலேயே, 28 தூண்களில், 115 அடி உயரத்தில் ஒரு கான்கிரீட் தொட்டியைக் கட்டி, அதன் வழியாகக் கால்வாயை ஓட விட்டார்கள். மோட்டாரோ பம்போ ஒன்றும் கிடையாது, மிகச் சிறிய சரிவு மட்டுமே தண்ணீரை இழுத்துக்கொண்டு போகிறது. காமராசர் காலத்தில் எடுத்த முயற்சி, 1966-இல் முடிந்தது. விளவங்கோடு, கல்குளம் தாலுகாக்களின் வறண்ட மேடுகளுக்குப் பட்டணங்கால் கால்வாய் பாய்வது இந்தத் தொட்டியால்தான். தொட்டியை ஒட்டிய நடைபாதையில் மறுகரை வரை போகலாம். உயரம் கண்டால் தலை சுற்றுபவர்கள் நடுவரைக்கும் போய்த் திரும்பினால் போதும். கீழே ஆற்றுக்கு இறங்கப் படிகள் உண்டு. அங்கிருந்து அண்ணாந்து பார்த்தால்தான் தூண்களின் பிரம்மாண்டம் தெரியும். அம்மாவை மேலேயே நிழலில் உட்கார வைத்துவிட்டு, அன்னாசிக் கீற்று வாங்கிக் கொடுத்துவிட்டு, நீங்களும் பையனும் மட்டும் இறங்குங்கள்.

இந்த மாவட்டத்தில் தண்ணீரை இப்படித் திருப்பி விடுவது புதிதல்ல. பறளியாற்றின் குறுக்கே உள்ள ஒரு பழைய அணைக்குப் பாண்டியன் அணை என்றே பெயர். மேலே கோதையாற்றில் பேச்சிப்பாறை அணை, திருவிதாங்கூரை ஆண்ட ஸ்ரீமூலம் திருநாள் மகாராஜா காலத்தில் மிஞ்சின் என்ற ஐரோப்பியப் பொறியாளர் கட்டியது, 1906-இல் முடிந்தது. அந்தத் தண்ணீர் மலையோரமாகவே திரும்பி, நாஞ்சில் நாட்டு வயல்கள் வரை போகிறது. நீங்கள் நாகர்கோவிலில் சாப்பிடும் சோற்றில் கோதையாறு இருக்கிறது என்று பையனிடம் சொல்லுங்கள்.

பன்னிரண்டு மணிக்குக் குலசேகரம் பக்கம் திருநந்திக்கரை. கோயில் அப்போது சாத்தியிருக்கும், கவலை வேண்டாம், நாம் வருவது குடைவரைக்கு. கோயிலுக்கு அருகே, பெரிய பாறையில் குடைந்த சின்னக் குகை. முன்னால் தூண்கள், உள்ளே கருவறை. சுவரில் பழைய ஓவியங்களின் மங்கிய கோடுகள் மட்டும் எஞ்சியிருக்கின்றன. டார்ச் வெளிச்சத்தை நேராக அடிக்காமல் சாய்வாகப் பிடித்தால் கல்வெட்டு எழுத்துகள் எழுந்து தெரியும். சுவரைக் கையால் தொடாதீர்கள், பையனையும் தொட விடாதீர்கள். முதலாம் ராஜராஜனின் பதினெட்டாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு இங்கே உண்டு: முட்டம் என்ற ஊருக்கு மும்முடிச்சோழநல்லூர் என்று பெயர் மாற்றி, மன்னன் பிறந்த ஐப்பசிச் சதயத் திருவிழாவுக்காக இந்தக் கோயிலுக்கு அளித்த செய்தி. தஞ்சாவூரில் கொண்டாடும் சதய விழா எல்லோருக்கும் தெரியும். அதே நாளுக்கு இந்த மலையடிவாரத்திலும் அவன் ஏற்பாடு செய்திருந்தான்.

திருநந்திக்கரை சிவாலய ஓட்டத்தின் நான்காவது தலம். மகா சிவராத்திரி வந்தால், காவி உடுத்து, கையில் ஓலை விசிறியோடு, முன்சிறைத் திருமலையில் தொடங்கி நட்டாலம் வரை பன்னிரண்டு சிவாலயங்களுக்கு ஓடிப் போவார்கள், நூறு கிலோமீட்டருக்கு மேல். வாயில் என்ன முழக்கம் தெரியுமா? "கோவிந்தா, கோபாலா!" சிவன் கோயிலுக்கு ஓடுகிறவர்கள் திருமாலை அழைத்துக்கொண்டே ஓடுகிறார்கள். கடைசித் தலமான நட்டாலத்தில் சங்கரநாராயணர் இருக்கிறார், இரண்டும் ஒன்றாகி. உங்கள் பயணத்தை அந்த நாளில் வைத்துக்கொண்டால் கார் நகராது, ஆனால் அந்த ஓட்டத்தைப் பார்க்கவென்றே ஒருமுறை வரலாம்.

திற்பரப்பு அருவிக்குப் போகச் சொல்லவில்லையே என்று கேட்பீர்கள். பக்கத்தில்தான் இருக்கிறது. ஆனால் விடுமுறை நாட்களில் அங்கே நின்று குளிக்கவே இடம் கிடைக்காது. குளித்து, உடை மாற்றி, தலை துவட்டுவதற்குள் இரண்டு மணி நேரம் போய்விடும், அரண்மனை கைவிட்டுப் போகும். வார நாளாக இருந்து, பையன் பிடிவாதம் பிடித்தால் மட்டும் திருநந்திக்கரையை அரை மணியில் முடித்துக்கொண்டு போங்கள். அருவியின் கரையில் உள்ள மகாதேவர் கோயில் சிவாலய ஓட்டத்தின் மூன்றாவது தலம். அதுவும் மதியம் சாத்தியிருக்கும். ஆற்றில் கண்ட இடத்தில் இறங்க வேண்டாம். கோதையாற்றுப் பாறைகள் பாசி பிடித்தவை, மலையில் மழை பெய்தால் இங்கே வெயில் அடிக்கும்போதே தண்ணீர் ஏறும்.

சாப்பாடு குலசேகரத்தில். சம்பா அரிசிச் சோறு, தேங்காய் அரைத்துவிட்ட மீன்குழம்பு, மரச்சீனி (மரவள்ளிக்கிழங்கு) மசியல். சைவமென்றால் அவியலும் எரிசேரியும் கிடைக்கிற கடையாகப் பாருங்கள். சிவப்பரிசி உங்களுக்கு முதல் வாயில் மொத்தையாகத் தெரியலாம், குழம்பு சேர்ந்ததும் சரியாகிவிடும்.

பிற்பகல் இரண்டேகால் மணிக்குப் பத்மநாபபுரம் அரண்மனை வாசலில் நிற்க வேண்டும். ஒன்றிலிருந்து இரண்டு வரை மூடியிருப்பார்கள், திங்கட்கிழமை விடுமுறை. தமிழ்நாட்டு மண்ணில் இருந்தாலும் இது கேரளத் தொல்லியல் துறையின் பொறுப்பில் இருக்கிறது, 1956 எல்லைப் பிரிப்பில் அப்படி நின்றுவிட்டது. இதை முக்கால் மணி நேரத்தில் சுற்றிவிட்டு வெளியே வருகிறவர்களைப் பார்க்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கும். இரண்டு மணி நேரம் கொடுங்கள்.

1601 வாக்கில் இரவிவர்மன் காலத்தில் தொடங்கியதாகச் சொல்லப்படும் இந்த அரண்மனையை இப்போதைய அளவுக்குக் கொண்டுவந்தவர் திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மா. கல்குளம் என்று இருந்த ஊருக்குப் பத்மநாபபுரம் என்று பெயர் வந்ததும் அவர் காலத்தில்தான். 1750-இல் நாட்டையே பத்மநாபருக்கு எழுதி வைத்து, தான் அவருடைய தாசன் என்ற பெயரில் ஆண்டார். 1795 வரை இதுவே திருவிதாங்கூரின் தலைநகரம். கல் அதிகம் இல்லாத, மரத்தாலான அரண்மனை. பூமுகம் என்னும் முகப்பு மண்டபத்தின் மேற்கூரையில் தொண்ணூறு பூக்கள் செதுக்கியிருக்கிறார்கள், ஒவ்வொன்றும் வேறு. அங்கே தொங்கும் குதிரை விளக்கை எந்தப் பக்கம் திருப்பினாலும் அப்படியே நிற்கும். மேலே ராஜா ஆலோசனை நடத்திய மந்திரசாலை, சன்னல்களில் கண்ணாடிக்குப் பதில் மைக்காத் தகடுகள், உள்ளே வெயில் பழுத்த நிறத்தில் விழும், கோடையிலும் குளிர்ந்திருக்கும். தரையைக் குனிந்து பார்க்கச் சொல்லுங்கள்: கருப்பாக, முகம் தெரியும் அளவுக்கு மின்னும். சுண்ணாம்பு, சிரட்டைக்கரி, முட்டை வெள்ளைக்கரு என்று சேர்த்துத் தேய்த்த தரை. காலணிகளை வாசலிலேயே விட்டுவிடச் சொல்வது அதற்காகத்தான்.

ஊட்டுப்புரை இரண்டு மாடி நீண்ட கூடம், ஆயிரம் பேருக்கு மேல் பந்தி இருக்கலாம். தாய்க்கொட்டாரம்தான் இங்கே மிகப் பழைய கட்டடம். அதன் ஏகாந்த மண்டபத்துப் பலாமரத் தூணில் உள்ள பூவேலையைத் தவற விடாதீர்கள். உப்பரிகை மாளிகையில் ராஜாவின் மூலிகைக் கட்டில் இருக்கிறது, அறுபத்து நான்கு வகை மரங்களால் செய்தது என்று காட்டுவார்கள். நவராத்திரி மண்டபத்தில் மட்டும் எல்லாம் கல். ராஜகுடும்பத்துப் பெண்கள் மறைவில் இருந்து ஆட்டமும் பாட்டும் பார்க்க மரச்சட்டம் வைத்திருக்கிறார்கள்.

புரட்டாசியில் நவராத்திரிக்கு முன் இங்கே வந்தால் வேறொரு காட்சி. இந்த அரண்மனைச் சரஸ்வதி, பக்கத்து வேளிமலைக் குமாரர், சுசீந்திரம் முன்னுதித்த நங்கை மூவரும் யானையிலும் பல்லக்கிலுமாக ஊர்வலம் புறப்பட்டுத் திருவனந்தபுரம் போவார்கள், விழா முடிந்து திரும்புவார்கள். உப்பரிகை மாளிகையில் வைத்து உடைவாளைக் கைமாற்றும் சடங்கு இன்றும் நடக்கிறது. இரண்டு மாநிலத்துப் போலீசாரும் மரியாதை செலுத்துவார்கள். தலைநகரம் போன பிறகும், எல்லை மாறிய பிறகும், தெய்வங்கள் பழைய சாலையிலேயே நடக்கின்றன.

நாலரைக்குக் கிளம்பினால், நாகர்கோவில் சாலையில் சில நிமிடத்தில் புலியூர்க்குறிச்சி. அங்கே உதயகிரிக் கோட்டை. 1741-இல் குளச்சலில் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் படையை மார்த்தாண்ட வர்மாவின் படை தோற்கடித்தது. கைதானவர்களில் ஒருவர் டி லனாய். அவரைக் கொல்லாமல், தன் படைக்குப் பயிற்சி தர வைத்தார் ராஜா. கைதி பிறகு தளபதியானார், வலிய கப்பித்தான் என்று ஊரே அழைத்தது. முப்பத்தைந்து ஆண்டுக்கு மேல் இந்த நாட்டுக்காகக் கோட்டை கட்டி, படை நடத்தி, 1777-இல் இங்கேயே இறந்தார். கோட்டைக்குள் கூரை இழந்து நிற்கும் தேவாலயத்தில் அவர் கல்லறை இருக்கிறது, லத்தீனிலும் தமிழிலும் எழுதியிருக்கிறார்கள். மனைவியும் மகனும் அருகிலேயே. கோட்டை இப்போது வனத்துறையின் பூங்கா, குழந்தைகள் மானையும் பறவைகளையும் பார்க்கத்தான் வருகிறார்கள். மாலையில் பூட்டிவிடுவார்கள் என்பதால் நுழைந்ததும் நேராகக் கல்லறைக்குப் போய்விடுங்கள்.

டி லனாயோடு சேர்த்து இன்னொருவரையும் சொல்ல வேண்டும். நட்டாலத்தில் 1712-இல் பிறந்த நீலகண்ட பிள்ளை, அரண்மனை அலுவலர். டி லனாயின் பழக்கத்தால் கிறிஸ்தவம் அறிந்து, 1745-இல் வடக்கன்குளத்தில் தேவசகாயம் என்ற பெயரோடு ஞானஸ்நானம் பெற்றார். பிறகு சிறை, சித்திரவதை, 1752 ஜனவரி 14 அன்று ஆரல்வாய்மொழி காற்றாடிமலையில் சுட்டுக் கொன்றார்கள். கோட்டாறு சவேரியார் கோயிலில் அடக்கம். 2022 மே 15 அன்று போப் பிரான்சிஸ் அவரைப் புனிதராக அறிவித்தார். புலியூர்க்குறிச்சியில் அவர் நினைவோடு சேர்த்துச் சொல்லப்படும் முட்டிடிச்சான் பாறையும் அதன் சுனையும் இருக்கின்றன. டி லனாயை வாழவைத்த ராஜாவின் ஆட்சியில்தான் தேவசகாயம் கொல்லப்பட்டார். இரண்டையும் சேர்த்தே பையனுக்குச் சொல்லுங்கள். அரண்மனையின் அழகை மட்டும் சொல்லி அனுப்புவது பாதி வரலாறு.

வழிகாட்டி பற்றிக் கேட்டீர்கள். அரண்மனைக்குள் அறைக்கு அறை ஊழியர்கள் நிற்பார்கள், மலையாளம் கலந்த தமிழில் விளக்குவார்கள். பொறுமையாகக் கேட்டால் நிறையச் சொல்வார்கள். சிதறாலிலும் திருநந்திக்கரையிலும் அப்படி இருக்காது. நாள் முழுக்கக் கூட வருகிற ஆளாகப் பார்த்துப் பேசிக்கொள்ளுங்கள். பேசும்போதே, சிதறால் கல்வெட்டில் யார் பெயர் இருக்கிறது என்று கேளுங்கள். பதில் சொல்கிறவரைக் கூட்டிக்கொண்டு வாருங்கள். ஆள் கிடைக்காவிட்டாலும், இந்த மேற்குப் பக்கத்துச் சாலை தெரிந்த உள்ளூர் ஓட்டுநர் ஒருவரை ஒரு நாளைக்கு அமர்த்திக்கொள்வது நல்லது. ரப்பர்த் தோட்டத்துச் சாலைகள் ஒடுக்கமானவை, கைப்பேசி வரைபடம் சில வேளை லாரி போகாத வழியில் கொண்டுபோய் விடும்.

இன்னொரு நாள் கிடைத்தால் முன்சிறை அருகே பார்த்திவபுரம் போங்கள். 866-இல் ஆய் மன்னன் கருநந்தடக்கன் அங்கே பெருமாள் கோயில் கட்டி, தொண்ணூற்றைந்து மாணவர்கள் தங்கிப் படிக்கச் சாலை என்னும் கல்விக்கூடம் ஒன்றையும் ஏற்படுத்தினான். காந்தளூர்ச் சாலையை மாதிரியாகக் கொண்டு நடத்தச் சொன்ன செப்பேடு கிடைத்திருக்கிறது. அங்கிருந்து தேங்காப்பட்டணம் பக்கம்தான், ஆறு கடலில் கலப்பதைப் பார்த்துவிடலாம். தக்கலையில் பீர் முகம்மது அப்பா தர்கா உண்டு. நெசவு செய்துகொண்டே தமிழில் ஞானப்பாடல்கள் பாடிய சூஃபி அவர், ஆண்டுவிழா இரவில் அவற்றை ஊரே கூடிப் பாடும். கிழக்கே போக விரும்பினால் அதிகாலைத் தோவாளைப் பூச்சந்தை, ஜீவா பிறந்த பூதப்பாண்டி, கவிமணி பிறந்த தேரூர், அதன் குளத்துப் பறவைகள் என்று அது தனி நாள், இதோடு சேர்க்க வேண்டாம்.

நேரம் தவறினால் எதை விடுவது என்பதையும் சொல்லிவிடுகிறேன். சிதறாலில் அம்மாவுக்கு நேரம் கூடுதலாக ஆனால் ஆகட்டும், திருநந்திக்கரையை விட்டுவிடுங்கள். மதியம் மழை பிடித்துக்கொண்டால் உதயகிரியை விடலாம். மழை நாளில் மாத்தூர் நடைபாதையில் அம்மாவை ஏற்ற வேண்டாம். திருவட்டாற்றையும் அரண்மனையையும் மட்டும் எக்காரணத்துக்காகவும் விடாதீர்கள். திங்கட்கிழமை தவிர வேறு எந்த நாளானாலும் சரி.